மணியிழந்த நாகம்: சத்யஜித் ராயின் "மணிஹாரா" பற்றிய ஒரு திறனாய்வு

மெய்ப்பாடுகளை எட்டு என வகுத்த தொல்காப்பியர் அச்சத்தையும் அவற்றுள் ஒன்றாக வைத்து எண்ணினார். அச்சம் பிறத்தற்குரிய நிலைக்களன்களையும் அவர் நான்காகப் பகுத்தார். மனிதரை வருத்தும் தெய்வமும் பேயும் முதலாய அணங்கு ஒன்று. கொடிய விலங்கு ஒன்று. பொருளையும் உயிரையும் கவரும் கள்வர் ஒன்று. தமக்கு இறைவராயினார், அதாவது தம்மை ஆளும் உரிமையுடையார், ஒன்று. இவற்றுள் முதல் மூன்றும் எவர்க்கும் எளிதில் விளங்குவன. நான்காவதே ஆழமானது. அன்பு செய்தற்குரியவரிடத்தே, பாதுகாப்புத் தரவேண்டியவரிடத்தே அச்சம் பிறக்கும் என்னும் உண்மையை அது சுட்டி நிற்கின்றது. பேய்க்கதைகளுள் சிறந்தன எவை என ஆராய்வார்க்கு இப்பகுப்பு நல்லதோர் உரைகல்லாகும். அணங்கை மாத்திரம் காட்டி அஞ்சுவிப்பன கீழானவை. அணங்கின் பின்னே நிற்கும் மனித உறவின் முறிவைக் காட்டுவன மேலானவை.

உளவியல் அச்சப்படம் என இக்காலத்துத் திறனாய்வாளர் வழங்கும் திரைப்பட வகையின் இலக்கணமும் இதுவேயாம். அவ்வகையில், ஓர் ஆசை மனத்தைப் பற்றிப் படிப்படியாக அதனைச் சிதைத்தலைப் பொருளாகக் கொண்டு இந்தியாவில் எடுக்கப்பெற்ற குறும்படங்களுள் முதன்மை வாய்ந்தது, சத்யஜித் ராய் 1961ஆம் ஆண்டில் உருவாக்கிய "மணிஹாரா" ஆகும். இப்படத்தில் மனம் சிதைபவர் யார் என்னும் வினாவையும், அச்சிதைவில் அணிகலன் பெறும் இடத்தையும் ஆராய்ந்தால், தமிழ் இலக்கிய மரபிற் பயின்றோர்க்கும், சிறப்பாக யாழ்ப்பாணத்தார்க்கும், இப்படம் தனியானதொரு பொருளைத் தருதல் புலனாகும்.

படத்தின் வரலாறு

இரவீந்திரநாத தாகூரின் நூற்றாண்டு விழா 1961ஆம் ஆண்டில் கொண்டாடப்பெற்றது. அவ்விழாவை ஒட்டி ராய், தாகூரின் சிறுகதைகள் மூன்றைத் தனித்தனிக் குறும்படங்களாக்கி, "தீன் கன்யா", அதாவது "மூன்று கன்னியர்", என்னும் பெயரால் ஒருங்கே வெளியிட்டார். "போஸ்ட்மாஸ்டர்", "மணிஹாரா", "சமாப்தி" என்பன அம்மூன்று. நடுவணதாகிய "மணிஹாரா" ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஓடுவது. காளி பானர்ஜி கணவனாகவும் கணிகா மஜும்தார் மனைவியாகவும் நடித்தனர். ஒளிப்பதிவு சௌமேந்து ராயினுடையது. கலை நிருமாணம் பன்சி சந்திரகுப்தாவினுடையது. தம் படங்களுக்கு ரவிசங்கர், விலாயத் கான் முதலாய இசைமேதைகளின் துணையை அதுவரை நாடி வந்த ராய், தாமே இசையமைக்கத் தொடங்கியதும் "தீன் கன்யா"வில்தான். மேனாடுகளில் இத்தொகுதி முதன்முதற் சென்றபோது "மணிஹாரா" நீக்கப்பெற்று, எஞ்சிய இரண்டும் "இரு புதல்வியர்" என்னும் பெயருடன் காட்டப்பட்டன. ஆதலின் உடன்பிறந்த ஏனைய இரண்டும் பெற்ற புகழை இது நெடுங்காலம் பெறாதாயிற்று.

தாகூர் மூலக்கதையை எழுதியது 1898ஆம் ஆண்டில். அது வருமாறு. பாழடைந்த மாளிகையொன்றின் படித்துறையிலே அமர்ந்திருக்கும் ஒருவனுக்கு, ஊர்ப் பள்ளி ஆசிரியர் ஒருவர் அம்மாளிகையின் கதையைக் கூறுகின்றார். செல்வனாகிய பணிபூஷணன், மணிமாலிகை என்னும் தன் மனைவிக்குக் கேட்டதும் கேளாததுமாகிய நகைகளை எல்லாம் வாங்கிக் கொடுத்தான். மக்கட்பேறு இல்லாத அவள், அந்நகைகளையே உயிரெனப் போற்றினாள். வாணிகத்தில் நெருக்கடி நேர்ந்தபோது, நகைகளை ஈடாகத் தந்தால் மீளலாம் எனக் கணவன் தயங்கித் தயங்கிக் குறிப்பாற் சொன்னான். அவள் மறுமொழி கூறினாள் இல்லை. அவன் கல்கத்தாவுக்குப் பணந்தேடிச் சென்றதும், மதுசூதனன் என்னும் உறவினனை அழைத்து, நகை அத்தனையையும் தன் மெய்யிற் பூண்டு, தாய்வீடு செல்வதாகப் படகேறினாள். அதன்பின் அவளை எவரும் கண்டதில்லை. மீண்டு வந்த கணவன் வெறும் வீட்டில் விழித்திருக்கின்றான். மழைக்கால இரவுகளிலே, ஆற்றுப் படித்துறையிலிருந்து அணிகள் ஒலிக்க ஏதோ ஏறி வருகின்றது. மூன்றாம் இரவில் அணி பூண்ட எலும்புக்கூடொன்று அவன்முன் நின்று அழைக்க, அவன் அதனைப் பின்தொடர்ந்து நீரில் இறங்கி மாண்டொழிகின்றான்.

ராய் இக்கதையைப் பெரிதும் தழுவிச் சிற்சில இடங்களில் மாற்றினார். படத்திற் பணிபூஷணனின் சணற்றொழில் தீயினால் அழிகின்றது. அவன் மனைவி விரும்பிய புதிய நகையொன்றைப் பேழையில் வைத்துக்கொண்டு திரும்புகின்றான். இரவில் அவள் வந்தாள் என்று கருதி அவன் பேழையை நோக்கிக் கைநீட்டும்போது, பொன்வளையல் பூண்ட எலும்புக்கை ஒன்று அதனைப் பாய்ந்து பற்றுகின்றது. இறுதியில், போர்வையால் மூடி அமர்ந்து கதை கேட்டவன், கதையிற் பிழைகள் பல உண்டு எனக்கூறித் தானே பணிபூஷணன் என்று வெளிப்படுத்தி மறைகின்றான்.

தலைப்பின் பொருள்

"மணிஹாரா" என்னும் வங்கச் சொற்கு "மணியை இழந்த" என்பது பொருள். மணியை இழந்தது எது என்னும் வினாவிற்கு வங்கமொழி வழக்கே விடை தருகின்றது. அருமருந்தன்ன ஒன்றை இழந்து நிலைகுலைந்தவனை "மணிஹாரா பணி", அதாவது மணியிழந்த நாகம், என்று அம்மொழியினர் கூறுவர். தமிழிலும் இவ்வுவமை வழக்காறுடையதே. நாகம் தான் உமிழ்ந்த மணியின் ஒளியில் இரைதேடும் என்பதும், அம்மணி காணாமற் போயின் அறிவழிந்து உயிர்விடும் என்பதும் இருநாட்டார்க்கும் பொதுவான நம்பிக்கைகள். பணி என்பது பாம்பு. பாம்பை அணியாகக் கொண்ட சிவபெருமானுக்குரிய பெயர்களுள் ஒன்றே பணிபூஷணன் என்பது. மணிமாலிகை என்பது மணியாலாகிய மாலை. எனவே, தலைப்பிலும் பாத்திரப் பெயர்களிலும் தாகூர் வைத்த குறிப்பு, மணியை இழந்து மனம் பேதலித்தவன் கணவனே என்பதாம்.

இப்படத்தைப் பேராசை பிடித்த பெண்ணொருத்தியின் கதை எனச் சுருக்கிக் கூறுவோர் இக்குறிப்பை நோக்காதவர். அவளது ஆசை படத்தின் முற்பகுதியை நிரப்புவது உண்மையே. ஆயின் அறிவு நிலைதளர்ந்து, இல்லாததைக் கேட்டு, வாராதவளை எதிர்நோக்கி, பகலையும் இரவையும் மயக்கிக்கொள்ளும் நிலை அவனுக்கே வருகின்றது. அவள் நகையைப் பற்றினாள். அவன் அவளைப் பற்றினான். அவள் நகையைப் பூட்டி வைத்ததுபோலவே, அவன் அவளைக் கனத்த தளபாடங்களும் அலங்காரப் பொருள்களும் நிறைந்த அந்த மாளிகையிற் பூட்டி வைத்தான். பன்சி சந்திரகுப்தா அமைத்த அவ்வறைகளைக் காண்போர்க்கு, மணிமாலிகை நகையைக் காக்கும் பூதமாகவும், அதே வேளையில் பிறரொருவர் காக்கும் நகையாகவும் தோன்றுவாள். பேரவா என்னும் நோய் அம்மாளிகையில் இருவருக்கும் பொதுவாயிருந்தது என்பதே படத்தின் உட்பொருள்.

நகையும் உரிமையும்

மணிமாலிகையின் ஆசைக்கு மருத்துவப் பெயரொன்று இடுதல் இன்று எளிது. பொருள்களைக் குவித்து வைத்து அவற்றைப் பிரிய மாட்டாத மனநிலையை அமெரிக்க உளமருத்துவச் சங்கம் 2013ஆம் ஆண்டில் வெளியிட்ட தன் கையேட்டின் ஐந்தாம் பதிப்பில் தனி நோயாக வகுத்துள்ளது. எனினும், நோயின் பெயரைக் கூறியவுடன் கலையின் பொருள் விளங்கிவிடாது. அவள் ஏன் வேறொன்றையும் பற்றாமல் நகையைப் பற்றினாள் என்று வினாவுதல் வேண்டும்.

இந்து தர்ம நூல்களின்படி, கணவன் அன்பினால் ஈந்த நகை மனைவியின் ஸ்திரீதனத்துள் அடங்கும். கணவன் அதனை எடுத்துத் திருப்பிக் கொடாதிருத்தற்கு யாக்ஞவல்கியர் இடமளிப்பன பஞ்சம், அறக்கடமை, நோய், சிறை என்னும் நெருக்கடிகளே. வாணிக நட்டம் அவற்றுள் ஒன்றன்று. யாழ்ப்பாணத்தார்க்கு இது நன்கு விளங்கும். ஒல்லாந்தர் 1707ஆம் ஆண்டில் தொகுப்பித்த தேசவழமை, முதுசொம், சீதனம், தேடியதேட்டம் எனச் சொத்தை வகைசெய்து, பெண்ணின் சீதனத்தை வேறுபிரித்துக் காட்டிற்று. 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாண விவாக உரிமை, மரபுரிமைக் கட்டளைச் சட்டம், மணமான பெண் தன் அசையாச் சொத்தைக் கையளித்தற்குக் கணவனின் எழுத்து மூல இசைவு வேண்டும் என்றது. அசையும் பொருளுக்கோ அவ்விசைவு வேண்டா என்றது. காணியும் வீடும் அவள் பெயரில் இருப்பினும், பிறர் கையொப்பம் இன்றி அவள் தானே எடுத்து ஆளத்தக்கது பெட்டகத்திலிருந்த நகையே. தாலிக்கொடியும் அட்டியலும் காப்பும் அழகுக்கு அணிவன மாத்திரம் அல்ல. ஆபத்துக் காலத்தில் அடைவு வைத்தற்கும், கைம்மை நேரின் பிழைத்தற்கும் உரிய முதலீடு என்பதனை யாழ்ப்பாணத்து இல்லத்தரசியர் நன்கு அறிவர்.

இந்நோக்கில் மணிமாலிகையின் அச்சம் தெளிவாகின்றது. மகவில்லை, பேசுதற்கு உறவில்லை, வீடோ கணவனின் பிதிரார்ச்சிதம். தன்னுடையது என்று சொல்லத்தக்கது நகை ஒன்றே. அதனையும் கணவன் கேட்பான் என அவள் அஞ்சுகின்றாள். தொல்காப்பியர் கூறிய நான்கு நிலைக்களன்களுள் நான்காவதாகிய இறையச்சம் இதுவேயாம். அவ்வச்சத்தினின்று தப்பும் பொருட்டு அவள் மதுசூதனனை நம்புகின்றாள். நம்பியவிடத்தே கள்வரச்சம் காத்திருக்கின்றது. கணவனுக்கோ இறுதியில் எஞ்சுவது அணங்கு. பேய் வரும் முன்னரே, மனிதர்பால் மனிதர் கொள்ளும் அச்சம் இரண்டனை இப்படம் காட்டிவிடுகின்றது. படகில் நிகழ்ந்த கொடுமையை ராய் காட்டினார் இல்லை. காட்டாமையே தக்கது, ஏனெனில், காட்டியிருப்பின் படம் கொலைக்கதையாக இழிந்திருக்கும்.

எதிர்நோக்கி இருத்தல்

மனைவி காணாமற் போன பின்னர்ப் பணிபூஷணன் அடையும் நிலையை வெறும் மனப்பிறழ்வு என ஒதுக்குதலும் பொருந்தாது. 1971ஆம் ஆண்டில் வேல்ஸ் நாட்டு மருத்துவர் டெவி றீஸ் என்பார், வாழ்க்கைத் துணையை இழந்த 293 பேரை விசாரித்து, அவர்களுள் ஏறத்தாழ அரைப்பங்கினர் இறந்தவரின் வருகையையோ குரலையோ உருவையோ உணர்ந்திருந்தனர் எனக் கண்டார். அவருட் பெரும்பாலார் அதனைப் பிறர்க்குச் சொல்லவும் இல்லை, நோயுற்றவராகவும் இல்லை. துக்கம் தன் இயல்பிலேயே செவிக்கும் கண்ணுக்கும் உருவம் படைக்கவல்லது. பணிபூஷணனின் துன்பம் இதனினும் கொடிது. மனைவி இறந்தாள் என்னும் செய்தியும் அவனுக்கு இல்லை. ஈமக்கடன் செய்தற்கு உடல் இல்லை. அழுது தீர்த்தற்கு நாள் இல்லை. கதவைத் திறந்து வைத்துக் காத்திருப்பதன்றி அவனால் ஆவதொன்றில்லை. ஓசை ஒன்றைக் கேட்டவுடன் அவள் என்று துணிதல் அந்நிலையில் இயல்பே.

இப்பகுதியில் ராயின் ஒலியமைப்பு மிக நுண்ணியது. மாளிகையின் அமைதியும், அவ்வமைதியை அறுக்கும் சிற்றொலிகளும், மெல்ல அணுகிவரும் அணியொலியும் காண்போரைப் பணிபூஷணனின் செவியைக்கொண்டே கேட்கச் செய்கின்றன. படத்திலே ஒலிக்கும் "பாஜே கருண சுரே" என்னும் தாகூரின் பாடலையும் ஈண்டுக் குறித்தல் தகும். அப்பாடலின் மெட்டு, சிம்மேந்திரமத்திம இராகத்திலமைந்த தென்னிந்தியக் கீர்த்தனை ஒன்றைத் தழுவியது. எனவே, கருநாடக இசைப் பயிற்சியுடையார் அதனைக் கேட்கும்போது, அறிமுகமில்லாத மாளிகையிலே அறிந்த குரலொன்றைக் கேட்டாற் போன்ற உணர்வினை எய்துவர்.

கதை கூறுவான்

இனி, இக்கதையைக் கூறுபவர் யார் என்பதும் நோக்கற்பாலது. படத்திற் பள்ளி ஆசிரியர் கஞ்சாப் புகையில் மயங்கியிருந்து, தாம் எழுதியதைப் படிக்கின்றார். பெண்ணின் இயல்பு குறித்துத் தாமே தீர்ப்பும் வழங்குகின்றார். மணிமாலிகையின் பேராசை பற்றி அறியக்கிடப்பது அனைத்தும் இவ்வொருவர் வாய்மொழியே. அங்ஙனமாகவும், கேட்டிருந்தவன் கதையிற் பிழைகள் உண்டு என்கின்றான். எவை பிழை என்று கூறாமலே மறைகின்றான். மூலக்கதையிலும் கேட்டவன் தன் பெயர் பணிபூஷணன் என்கிறான். மனைவியின் பெயர் யாது என வினவப்பட்டபோதோ, மணிமாலிகை என்னாது நிருத்தியகாளி எனக் கூறி ஆசிரியரின் கதையை நகையாடி விடுகின்றான். தாகூரின் முடிவு நகைச்சுவை சார்ந்தது. ராயின் முடிவு அச்சம் சார்ந்தது. இரண்டிற்கும் பயன் ஒன்றே. ஊரார் சொல்லும் கதையைக் கொண்டு ஒரு பெண்ணைப் பித்தி எனவோ பேய் எனவோ முடிவுகட்டுதல் தகாது என்பது இரண்டிலும் பெறப்படும்.

தமிழிற் புதுமைப்பித்தன் 1943ஆம் ஆண்டில் எழுதிய "காஞ்சனை" இதனோடு ஒப்பிடத்தக்கது. அங்கும் கதை கூறுபவன் நம்பத்தகாதவன், எழுத்தாளன், தூக்கத்திற்கும் விழிப்பிற்கும் இடையே நிற்பவன். காஞ்சனை என்னும் பெயரும் பொன்னையே குறித்தல் வியப்பிற்குரியது. பேய் உண்டோ இல்லையோ எனத் துணியாது ஐயத்திலேயே வாசகனை நிறுத்துதல் இரு படைப்புகளுக்கும் பொது. ஆயினும், புதுமைப்பித்தன் அவ்வையத்தைக் கடைசி வரை காத்தார். ராய் அதனை எலும்புக்கையினாலே சிறிது குலைத்துவிட்டார்.

அணிகலனும் அடையாளமும்

தமிழ் மரபில் அணிகலன் பெறும் இடத்தை நினைவுகூர்ந்தால், அந்த எலும்புக்கை ஏன் அஞ்சுவிக்கின்றது என்பது விளங்கும். பொருளிழந்து நாணி நின்ற கோவலனுக்குக் கண்ணகி தன் சிலம்பை மனமுவந்து ஈந்தாள். நகை கேட்கும் கணவனும் நகையுடைய மனைவியும் என்னும் அளவில், சிலப்பதிகாரமும் "மணிஹாரா"வும் ஒரே நிலையினின்று தொடங்குகின்றன. கண்ணகி கொடுத்தாள், மணிமாலிகை மறுத்தாள். கொடுத்தவளின் கணவனும் மாண்டான். மறுத்தவளின் கணவனும் மாண்டான். இடையே புகுந்து வஞ்சித்த பொற்கொல்லன் அங்கு உளன்; மதுசூதனன் இங்கு உளன். எனவே, மனைவி நகையைக் கொடுத்தலே கற்பு, மறுத்தலே கேடு என்னும் எளிய நீதியை இரு படைப்பினின்றும் பெறுதல் இயலாது.

வேறுபாடு பிறிதோரிடத்தில் உளது. கண்ணகியின் சிலம்பு இறுதியில் உண்மையைச் சொல்லிற்று. அரசவையில் அது உடைந்தபோது, உள்ளிருந்த மாணிக்கப் பரல் கோவலன் யார் என்பதனையும், அவன் கள்வனல்லன் என்பதனையும் காட்டிற்று. அசோகவனத்திற் கணையாழி சீதைக்கு இராமனை அறிவித்தது. சூடாமணி இராமனுக்குச் சீதையை அறிவித்தது. யாழ்ப்பாணத்து மேடைகளில் நடிகமணி வி. வி. வைரமுத்து அவர்கள் நடித்துப் புகழ்பெறச் செய்த "மயான காண்டம்" இதற்கு உச்சம் எனலாம். மகனின் உடலைச் சுமந்து வந்த சந்திரமதியிடம் மயானக் கூலி கேட்கின்றான் சுடலை காக்கும் அரிச்சந்திரன். கணவன் ஒருவனின் கண்ணுக்கே புலனாகும் தாலியை அவன் காண்கின்றான். அந்தத் தாலியினாலே மனைவியை அறிகின்றான். அதனால் இறந்துகிடக்கும் மைந்தனையும் அறிகின்றான். சுடலையிலே அணிகலன் ஒன்று மனிதரை மனிதர்க்கு மீட்டுக் கொடுக்கின்றது.

"மணிஹாரா"வில் இப்பணி தலைகீழாகின்றது. பேழையை நோக்கிப் பாயும் கை கணவனை நாடவில்லை, அவனை அறியவுமில்லை. வளையல் இருக்கின்றது, அதனை அணிந்தவள் இல்லை. அணிகலன் தன் அடையாளப் பணியை இழந்து, அணிந்தவளின் இடத்தைத் தானே கவர்ந்துகொண்டது. ஒருவரை ஒருவர் அறிதற்குக் கருவியாக வேண்டிய பொருள், அறிதலையே அழித்து நிற்றல்தான் இப்படத்தின் அச்சம். அன்பைப் பொன்னாற் பெறலாம் எனக் கருதிய கணவனுக்கு, பொன் மாத்திரமே மீண்டு வருகின்றது.

குறை என்று கூறத்தக்கது, அக்காட்சியோடு வரும் கொடுஞ்சிரிப்பு. அதுவரை ஓசையை அளந்து கையாண்ட இயக்குநர், ஈண்டு வழக்கமான பேய்ப்படங்களின் ஒலியை நாடிவிட்டார். தாகூர் எலும்புக்கூட்டிற்கு உயிருள்ள கண்களை வைத்தார். அக்கண்களில் மனைவியின் எச்சம் இருந்தது. ராய் முழுக்கூட்டைக் காட்டாது கையை மாத்திரம் காட்டியது அடக்கமே ஆயினும், அந்த எச்சத்தையும் உடன் இழந்தார். சிரிப்பொலி இன்றி அக்கை பேழையைப் பற்றியிருப்பின், காட்சி இதனினும் கொடிதாயிருந்திருக்கும்.

அரியாலையிலிருந்து நோக்குதல்

ஒரு கலைப்படைப்பின் பொருள் காண்போர் நிற்கும் இடத்தாலும் வேறுபடும். நல்லூரை அடுத்து, யாழ்ப்பாண நகரின் கிழக்கே, உவர்வெளியையும் கடல்நீரேரியையும் எல்லையாகக் கொண்டது அரியாலை. கண்டி வீதி இவ்வூரினூடாகச் சென்று, செம்மணி வெளியைக் கடந்து, நாவற்குழிப் பாலத்தை அடைகின்றது. 1995ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் நாள், வலிகாமத்து மக்கள் இலட்சக்கணக்கானோர் மழையிருளில் இவ்வழியே தென்மராட்சிக்குப் பெயர்ந்தனர். பெட்டகத்தை விட்டு நகையையும் உறுதிகளையும் மடியிற் செருகிக்கொண்டு நடந்த பெண்கள் அக்கூட்டத்திற் பலர். நகை முழுவதையும் மெய்யிற் பூண்டு இரவில் வீடு நீங்கும் மணிமாலிகையைப் பேராசைக்காரி என்று அவர்கள் எளிதிற் கூறார். தூக்கிச் செல்லத்தக்க உடைமை வேறு யாது என்றே அவர்கள் கேட்பர்.

அடுத்த ஆண்டில் யாழ்ப்பாணத்திற் பலர் காணாமற் போயினர். 1999ஆம் ஆண்டிற் செம்மணியில் நடந்த அகழ்வில் பதினைந்து பேரின் எச்சங்கள் எடுக்கப்பட்டன. பின்னர், 2025ஆம் ஆண்டு பெப்ரவரியில், அரியாலைச் சிந்துபாத்தி மயானத்தில் தகனமேடை அமைத்தற்கு நிலத்தை வெட்டியபோது மனித எலும்புகள் வெளிப்பட்டன. நீதிமன்றக் கட்டளைப்படி அவ்வாண்டில் நிகழ்ந்த அகழ்வுகளில், குழந்தைகள் உட்பட இருநூற்றுக்கு மேற்பட்டோரின் எச்சங்கள் கண்டெடுக்கப்பட்டன. அவற்றோடு உடைகளும் காப்புகளும் பாடசாலைப் பையும் விளையாட்டுப் பொருளும் கிடைத்தன. ஓகஸ்ட் 5ஆம் நாள், உறவினர் எவரேனும் அடையாளம் காணக்கூடும் என அப்பொருள்கள் மக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டன. முப்பதாண்டு காத்திருந்த தாய்மாரும் மனைவியரும் வந்து, ஒவ்வொன்றாகப் பார்த்துச் சென்றனர்.

இதனை அறிந்தார்க்கு, எலும்பும் வளையலும் சேர்ந்த ஒரு படிமம் இனி வெறும் பேய்க்காட்சியாக இருத்தல் இயலாது. ஒரு கதவைத் திறந்து வைத்து ஆண்டுக்கணக்கிற் காத்திருத்தல் மனநோய் என்றும் அவர்கள் கொள்ளார். பணிபூஷணனைப் பார்த்து அஞ்சுதற்குப் பதிலாக அவன்பால் இரங்குவர். சந்திரமதியின் தாலியைப் போன்று, மண்ணினின்று எழுந்த காப்பு ஒன்று அதனை அணிந்தவர் யார் என்று சொல்லுமா என்பதே அவர்கள் கேட்கும் கேள்வி. அணிகலன் தன் பழைய பணியை, மனிதரை அறிவிக்கும் பணியை, மீண்டும் ஏற்கவேண்டும் என எதிர்பார்க்கப்படும் இடம் அது.

"மணிஹாரா" இவற்றை முன்னறிந்து எடுக்கப்பட்டதன்று. எனினும், காணாமற் போனவளுக்காகக் காத்திருத்தல் மனத்தை எவ்வாறு தேய்க்கும் என்பதையும், ஒருவரின் கதையைப் பிறர் தம் விருப்பம்போற் கூறிவிடுதல் எத்துணைத் தவறு என்பதையும் அது உண்மையாகக் காட்டிற்று. சிரிப்பொலி முதலாய சிறு குறைகள் இருப்பினும், அறுபதாண்டு கடந்தும் அப்படம் வாழ்தற்குக் காரணம் அவ்வுண்மையே. தமிழிற் குறும்படம் எடுக்க முற்படும் இளைஞர் பலர் இன்று அச்சச்சுவையை நாடுகின்றனர். அவர்கள் பேயை எவ்வாறு காட்டுவது என்பதை இப்படத்தினின்று கற்கவேண்டுவதில்லை. பேய் வருமுன் அவ்வீட்டில் யார் யாருக்கு அஞ்சினார், யார் யாரை அறியாதிருந்தார் என்பதைக் கேட்கக் கற்றால், அதுவே பெரும்பயன் ஆகும்.